குள்ளமானால் மலை இல்லையா?

உலகின் மிகப் பழைய மலைத்தொடர்களில் ஒன்று ஆரவல்லி. தேய்ந்து குறுகிப்போன அந்தக் கிழவனுக்கு 100 மீட்டர் உயரம் இருந்தால்தான் 'மலை' என்ற பட்டம் என்று முடிவானபோது வட இந்தியா விழித்துக்கொண்டது.

இந்தியா கேட்டிலிருந்து மேற்கு நோக்கி நடப்பவர்களுக்குத் தாங்கள் மலையேறுவது தெரிவதில்லை. சாலை கொஞ்சம் மேடாகிறது, அவ்வளவுதான். இருபுறமும் நிற்கும் பழைய செயலகக் கட்டடங்களைத் தாண்டினால் குடியரசுத் தலைவர் மாளிகையின் இரும்பு கேட். அந்த இடத்தின் பெயர் ரைசினா மலை. சுற்றியுள்ள தரையைவிட அதன் உயரம் சுமார் 18 மீட்டர். ஏழு மாடிக் கட்டடம் ஒன்று அதைக் குனிந்து பார்க்கும். 1911-ல் தலைநகரைக் கல்கத்தாவிலிருந்து டில்லிக்கு மாற்றுவதாக அறிவித்த ஆங்கிலேயர்கள், வைஸ்ராய்க்கு மாளிகை கட்டச் சமதளம் வேண்டும் என்று அதன் தலையையும் வெடி வைத்துச் சீவிவிட்டார்கள்.

ஆனால் அந்த மேடு ஒரு பெரிய குடும்பத்தின் கடைக்குட்டி. குஜராத்தில் பாலன்பூர் பக்கம் தொடங்கி, ராஜஸ்தானைக் குறுக்கே வெட்டிக்கொண்டு, ஹரியானாவின் தென்பகுதி வழியாக டில்லிக்குள் நுழைந்து, வஜீராபாதில் யமுனைக் கரையோடு முடிகிறது ஆரவல்லி மலைத்தொடர். ஏறத்தாழ 700 கி.மீ. நீளம். தெற்கே அபு மலையில் உள்ள குரு சிகரம் 1,722 மீட்டர் உயரத்தில் நிமிர்ந்து நிற்கிறது. வடக்கே போகப் போக மலை குன்றாகி, குன்று மேடாகி, மேடு கடைசியில் புதர் மண்டிய பாறையாகிவிடுகிறது. 'சிகரங்களின் வரிசை' என்று பொருள்படும் சமஸ்கிருதப் பெயர், டில்லியில் நின்று பார்ப்பவருக்குக் கேலியாகத் தோன்றலாம்.

அந்தக் கேலி 2025 நவம்பரில் சட்டமாகும் நிலைக்கு வந்தது. நவம்பர் 20 அன்று, அப்போதைய தலைமை நீதிபதி பி.ஆர். கவாய் தலைமையிலான உச்ச நீதிமன்ற அமர்வு, ஆரவல்லிக்கு ஒரே மாதிரியான விளக்கம் வேண்டும் என்று அமைக்கப்பட்ட குழுவின் பரிந்துரையை ஏற்றுக்கொண்டது. சுற்றுப்புறத் தரையிலிருந்து 100 மீட்டரோ அதற்கு மேலோ எழும்பினால் அது ஆரவல்லி மலை. அப்படிப்பட்ட இரண்டு மலைகள் 500 மீட்டருக்குள் அருகருகே இருந்தால் அது ஆரவல்லித் தொடர். அதற்குக் கீழே இருப்பவை?

அந்தக் கேள்விதான் உதய்பூரிலிருந்து குருகிராம் வரை மக்களைத் தெருவுக்கு இழுத்து வந்தது. டிசம்பர் முழுக்க ஊர்வலங்கள், உண்ணாவிரதங்கள். டிசம்பர் 29 அன்று, புதிய தலைமை நீதிபதி சூர்ய காந்த் தலைமையிலான அமர்வு, தானாகவே விஷயத்தைக் கையில் எடுத்து, நவம்பர் உத்தரவை நிறுத்திவைத்தது. நிபுணர்களைக் கொண்டு மறுபடி ஆராய வேண்டும் என்றும் கருதியது. ஒரே நீதிமன்றம், நாற்பதே நாட்கள், இரண்டு நிலைகள். ஒரு மலைத்தொடரை மீட்டர் கோலால் அளப்பது எவ்வளவு சிக்கலானது என்பதற்கு வேறு சாட்சி தேவையில்லை.

பாறையில் எழுதிய வயது

மலைகளுக்கும் மனிதர்களைப் போலவே இளமையும் முதுமையும் உண்டு. இமயம் இளைஞன். ஏறத்தாழ 5 கோடி ஆண்டுகளுக்கு முன் இந்திய நிலத்தட்டு ஆசியாவோடு மோதத் தொடங்கியதில் பிறந்தது. இன்னமும் வளர்ந்துகொண்டிருக்கிறது. தென் அமெரிக்காவின் மேற்குக் கரையில் 7,000 கி.மீ. நீளத்துக்குக் கிடக்கும் ஆண்டீஸ் தொடரும் வளரும் பருவத்தில்தான் இருக்கிறது. அங்கே பசிபிக் கடலடித் தட்டு கண்டத்துக்கு அடியில் புகுந்துகொண்டிருப்பதால் எரிமலைகளுக்கும் பூகம்பங்களுக்கும் பஞ்சமில்லை.

முதியவர்களின் கதை வேறு. ஐரோப்பாவையும் ஆசியாவையும் பிரிக்கும் ரஷ்யாவின் யூரல் மலைத்தொடர் சுமார் 2,500 கி.மீ. நீளமானது. ஆனால் அதன் மிக உயர்ந்த சிகரமான நரோத்னயாவே 2,000 மீட்டரைத் தொடவில்லை. அமெரிக்காவின் கிழக்கே உள்ள அப்பலாச்சியன் தொடரின் உச்சியான மிட்செல் மலைக்கு 2,037 மீட்டர்தான். இரண்டும் பல கோடி ஆண்டுகளாக மழையும் காற்றும் பனியும் அரித்ததில் தேய்ந்தவை. ஒரு காலத்தில் ஸ்காட்லாந்தின் மலைகளும் அப்பலாச்சியனும் ஒரே தொடராக இருந்தன. நடுவே அட்லாண்டிக் கடல் திறந்துகொண்டபோது உடன்பிறந்தவர்கள் இரண்டு கண்டங்களுக்குப் பிரிந்துபோனார்கள்.

இந்த முதியவர்களே ஆரவல்லிக்கு முன்னால் பேரக்குழந்தைகள். அப்பலாச்சியனின் வயது கணக்கிடப்படுவது சில பத்துக் கோடி ஆண்டுகளில். ஆரவல்லியின் மடிப்புகள் உருவான காலமோ 150 கோடி ஆண்டுகளுக்கும் முந்தியது. டைனோசர்கள் மட்டுமல்ல, மரம், மீன், புழு என்று எதுவுமே உலகில் தோன்றியிராத காலம் அது.

அந்தக் காலத்தின் உயிர்ச்சுவட்டை உதய்பூர் அருகே ஜாமர்கோட்ராவில் இன்றும் தொட்டுப் பார்க்கலாம். பாறையில் முட்டைக்கோஸை வெட்டிவைத்தது போன்ற வளையங்கள் தெரிகின்றன. ஆழமற்ற கடலில் நீலப்பச்சைப் பாசிகள் அடுக்கடுக்காக வளர்ந்து கல்லானவை இவை. இந்தப் பாறைகளில்தான் உரத் தொழிலுக்கு வேண்டிய பாஸ்பேட் கிடைக்கிறது. ஒரு பக்கம் தேசியப் புவியியல் சின்னம், பக்கத்திலேயே சுரங்கம். ஆரவல்லியின் தலையெழுத்து அந்த ஓர் இடத்திலேயே அடங்கிவிடுகிறது.

தேய்வதற்கும் ஒரு பயன் உண்டு. மேலிருந்த அடுக்குகள் அரித்துப் போனதால், ஆழத்தில் புதைந்திருந்த தாதுக்கள் கைக்கெட்டும் தூரத்துக்கு வந்துவிட்டன. கேத்ரி வட்டாரத்தின் செம்பு சிந்துவெளிக் காலத்திலேயே வெட்டப்பட்டது. தாஜ்மகாலின் வெள்ளைக்கல் மக்ரானாவிலிருந்து போனது. உதய்பூருக்குத் தெற்கே ஜாவரில் துத்தநாகத்தைக் காய்ச்சி வடித்தவர்கள் உலகுக்கே முன்னோடிகள். துத்தநாகம் அடுப்பில் உருகுவதோடு நிற்காமல் ஆவியாகிப் பறந்துவிடும். அதைக் கத்தரிக்காய் வடிவ மண் குடுவைகளில் அடைத்து, தலைகீழாகக் கவிழ்த்துச் சூடேற்றி, கீழே ஒழுகும் ஆவியைக் குளிரவைத்துப் பிடிக்கும் வித்தையை அவர்கள் அறிந்திருந்தார்கள். ஐரோப்பாவில் பிரிஸ்டல் நகரின் வில்லியம் சாம்பியன் இதற்குக் காப்புரிமை பெற்றது 1738-ல். ஜாவரில் அதற்குப் பல நூற்றாண்டுகள் முன்பே உலைகள் எரிந்தன. பயன்படுத்தி எறிந்த குடுவைகள் மலைமலையாகக் குவிந்துவிட, ஊர்க்காரர்கள் அவற்றையே செங்கல்லாக அடுக்கி வீட்டுச் சுவர் கட்டிக்கொண்டார்கள்.

ஆக, ஆரவல்லியைத் தோண்டுவது நேற்று வந்த பழக்கமில்லை. மாறியது வேகம். உளியும் சம்மட்டியும் நூறு ஆண்டுகளில் கொத்தியதை வெடிமருந்தும் பொக்லைனும் ஒரே வாரத்தில் முடித்துவிடுகின்றன.

சின்ன மலை, பெரிய வேலை

ஆரவல்லி குள்ளமானதுதான். ஆனால் அது பார்க்கும் வேலைகள் உயரத்தைக் கேட்டு நடப்பவையல்ல.

முதல் வேலை தண்ணீரைப் பங்கிடுவது. அஜ்மீரை ஒட்டிய மலைகளின் மேற்குச் சரிவில் விழும் மழை லூனி ஆறாகி, பாலைவன ஓரமாக 495 கி.மீ. ஓடி, பாதி வழியில் உப்பேறி, கடைசியில் கட்ச் ரண் சதுப்பில் காணாமல் போகிறது. கிழக்குச் சரிவில் விழும் மழையோ பனாஸ் ஆற்றில் சேர்ந்து, சம்பல், யமுனை, கங்கை என்று கைமாறி வங்காள விரிகுடாவைப் பார்க்கிறது. அருகருகே விழும் இரண்டு மழைத்துளிகள் இந்தியாவின் இரு கரைகளை நோக்கிப் பிரியும் இடம் இது. அகமதாபாதின் சபர்மதிக்கும் பிறந்த வீடு ஆரவல்லிதான். டில்லிவாசிகள் மூக்கைப் பிடித்துக்கொண்டு கடக்கும் நஜாப்கர் சாக்கடையும் ஒரு காலத்தில் ஆரவல்லியிலிருந்து இறங்கி வந்த சாஹிபி ஆற்றின் பாதை.

இரண்டாவது வேலை தண்ணீரைச் சேமிப்பது. கோடிக்கணக்கான ஆண்டு அழுத்தத்தில் ஆரவல்லிப் பாறைகள் விரிசல் விட்டிருக்கின்றன. மழைநீர் அந்த விரிசல்கள் வழியே இறங்கி நிலத்தடியில் சேர்கிறது. சமவெளியின் கிணறுகளுக்கு அதுவே ஊற்று. சிகரத்தைவிட, மலையடியில் பரந்து கிடக்கும் தாழ்ந்த மேடுகளும் சரளைச் சரிவுகளும்தான் இதில் அதிகம் உழைக்கின்றன. செங்குத்துப் பாறையில் விழும் நீர் ஓடிவிடும். சாய்வான மேட்டில் விழும் நீர் தங்கி இறங்கும்.

மூன்றாவது வேலை காவல். மேற்கே தார் பாலைவனம், கிழக்கே உலகின் மிக வளமான சமவெளிகளில் ஒன்று. நடுவே இந்தக் குன்றுகள். கோடையில் மேற்கிலிருந்து வீசும் காற்று தூக்கி வரும் மணலை அவையும் அவற்றின் மேலுள்ள காடுகளும் தடுத்து இறக்கிவிடுகின்றன. அஜ்மீருக்கும் ஹரியானாவின் மகேந்திரகருக்கும் இடையே தொடரில் பன்னிரண்டு இடைவெளிகள் விழுந்திருப்பதையும், அவற்றின் வழியே மணல் கிழக்கே நகர்வதையும் ஆய்வாளர்கள் சுட்டிக்காட்டியிருக்கிறார்கள். வேலியில் ஓட்டை எங்கே விழுகிறது என்பதுதான் மாட்டுக்கு முக்கியம். மிச்ச வேலி எவ்வளவு உயரம் என்பதைப் பற்றி அதற்குக் கவலையில்லை.

இவ்வளவு செய்யும் ஆரவல்லி ஒரு வேலையில் மட்டும் தோற்றுப்போனது. அரபிக்கடலிலிருந்து வரும் தென்மேற்குப் பருவக்காற்று அதன் குறுக்கே மோதுவதில்லை; இணையாகக் கடந்துபோய்விடுகிறது. மேற்குத் தொடர்ச்சி மலை காற்றை மார்பில் வாங்கி மழையாகக் கறந்துவிடுவதைப் போல ஆரவல்லியால் முடியாததற்கு அது படுத்திருக்கும் திசையே முக்கிய காரணம். உயரமான அபு மலைக்கு ஆண்டுக்குச் சுமார் 1,500 மி.மீ. மழை கிடைக்கிறது. ஜெய்சால்மருக்கு 200 மி.மீ. கூடக் கிடைப்பதில்லை.

'அனுமான் தூக்கிப் போனாரா?'

1980-களில் டில்லியும் அதன் சுற்று நகரங்களும் வளரத் தொடங்கியபோது, அந்த வளர்ச்சிக்கான கல்லும் மணலும் பக்கத்திலேயே கிடந்தன. ஃபரிதாபாதிலும் குர்காவுனிலும் குன்றுகள் பள்ளங்களாயின. பள்ளங்கள் நிலத்தடி நீர்மட்டத்தையும் தாண்டி இறங்கியதால் அவற்றில் பச்சை நீல ஏரிகள் தோன்றின. பார்க்க அழகு, உண்மையில் அது ஊர்க் கிணறுகளில் இருந்திருக்க வேண்டிய தண்ணீர். டில்லிக்காரர்கள் ஞாயிற்றுக்கிழமை படகு விடப் போகும் இடமாக இருந்த படக்கல் ஏரி 2000-களில் வறண்டு மைதானமானது.

அரசு தூங்கிக்கொண்டிருந்தது என்று சொல்ல முடியாது. 1992 மே 7 அன்று மத்தியச் சுற்றுச்சூழல் அமைச்சகம், குர்காவுன், அல்வர் மாவட்டங்களின் ஆரவல்லிப் பகுதிகளில் முன் அனுமதியின்றிச் சுரங்கம், தொழிற்சாலை, காடழிப்பு கூடாது என்று அறிவிக்கை வெளியிட்டது. வழக்கறிஞர் எம்.சி. மேத்தா தொடர்ந்த வழக்குகளில் 2002-லும் பின்னர் 2009-லும் உச்ச நீதிமன்றம் ஹரியானாவின் ஆரவல்லி மாவட்டங்களில் சுரங்கத் தொழிலை நிறுத்தியது.

தடை ஹரியானாவில் வந்ததும் லாரிகள் ராஜஸ்தான் பக்கம் திரும்பின. 2018-ல் அதன் விலை தெரியவந்தது. ஆய்வுக்கு எடுத்துக்கொண்ட 128 குன்றுகளில் 31-ஐக் காணவில்லை என்ற தகவல் உச்ச நீதிமன்றத்தின் முன் வைக்கப்பட்டது. 1960-களின் வரைபடத்தில் இருந்தவை, தரையில் இல்லை. அக்டோபர் 23 அன்று நீதிபதி மதன் லோக்கூர், மக்கள் அனுமான்களாகி மலைகளைத் தூக்கிக்கொண்டு ஓடிவிட்டார்களா என்று கேட்டார். சுரங்கங்களால் மாநிலத்துக்குச் சுமார் 5,000 கோடி ரூபாய் வருமானம் என்று சொல்லப்பட்டபோது, அதற்காக டில்லியின் லட்சக்கணக்கான உயிர்களைப் பணயம் வைக்க முடியாது என்று நீதிமன்றம் பதில் சொன்னது. 115.34 ஹெக்டேரில் நடந்த சட்டவிரோதச் சுரங்கத்தை 48 மணி நேரத்தில் நிறுத்த உத்தரவு பிறந்தது.

உத்தரவுகள் காகிதத்தில் வலுவானவை. 2022 ஜூலை 19 அன்று ஹரியானாவின் நூ மாவட்டத்தில், சட்டவிரோதக் கல் குவாரியைத் தடுக்கப் போன போலீஸ் டி.எஸ்.பி. ஒருவர் மீது லாரி ஏற்றப்பட்டது. அவர் அந்த இடத்திலேயே இறந்தார்.

இன்னொரு பக்கமும் இருக்கிறது. கல் உடைப்பதைத் தவிர வேறு பிழைப்பு தெரியாத ஆயிரக்கணக்கான குடும்பங்கள் ஆரவல்லியை நம்பி வாழ்ந்தன. குவாரித் தொழிலாளர்கள் குடியேறி உருவான ஃபரிதாபாதின் கோரி கிராமம், காப்புக்காட்டு நிலத்தில் இருக்கிறது என்று 2021-ல் இடிக்கப்பட்டது. நீதிமன்றத்தில் சொல்லப்பட்ட கணக்குப்படி அங்கே சுமார் 10,000 வீடுகள். மலையை உடைத்து நகரத்தைக் கட்டியவர்கள், மலையைக் காப்பாற்றும் பெயரில் வீதிக்கு வந்தார்கள். ராஜஸ்தானின் குவாரிகளில் கல்தூசியைச் சுவாசித்து நுரையீரல் இறுகிப்போகும் சிலிக்கோசிஸ் நோய் பரவியதில், அந்த நோயாளிகளுக்கென்றே மாநில அரசு 2019-ல் தனிக் கொள்கை வகுக்க வேண்டிவந்தது. சுரங்கம் நடந்தாலும் அடி அவர்களுக்கு, நின்றாலும் அடி அவர்களுக்கு.

அளவுகோலின் அரசியல்

மலைக்கு விளக்கம் எழுதும் வேலை எப்படி வந்தது? ஒவ்வொரு மாநிலமும் தனக்கு வசதியான ஆரவல்லியை வைத்திருந்ததுதான் காரணம். ராஜஸ்தான் 2006 முதல் 100 மீட்டர் கணக்கைப் பின்பற்றியது. நிலவடிவங்களை வகைப்படுத்திய அமெரிக்கப் புவியியலாளர் ரிச்சர்ட் மர்ஃபியின் முறை அதற்கு ஆதாரம். இந்திய வன அளவைத் துறை 2010-ல் வேறு வழியில் போனது. 3 டிகிரிக்கு மேல் சரிவு இருந்தால் மலை. அடிவாரத்தில் 100 மீட்டர் வரை அதோடு சேர்த்தி. 500 மீட்டர் அகலம் வரையிலான பள்ளத்தாக்கும் அதில் அடக்கம். ஒரு கணக்கு உயரத்தைப் பார்த்தது. மற்றது மலை கிடக்கும் விதத்தைப் பார்த்தது.

2024 மே மாதம் உச்ச நீதிமன்றம் இந்தக் குழப்பத்துக்கு முடிவு கட்டக் குழு அமைத்தது. நான்கு மாநிலங்களும் மத்திய அமைச்சகமும் உட்கார்ந்து பேசி, கடைசியில் 100 மீட்டரிலேயே வந்து நின்றன.

அரசுத் தரப்பின் வாதத்திலும் நியாயம் உண்டு. மலையின் மிகத் தாழ்ந்த சுற்றுக் கோட்டுக்குள் அடங்கும் முழுப்பகுதியும், சரிவுகளும் அடிவாரமும் உட்பட, பாதுகாக்கப்படும். நிலைத்த சுரங்கத் திட்டம் தயாராகும் வரை புதிய குத்தகை எதுவும் கிடையாது. மொத்த ஆரவல்லிப் பரப்பில் 0.19 சதவீதத்தில் மட்டுமே சுரங்கத்துக்கு வாய்ப்பு இருக்கிறது என்று மத்தியச் சுற்றுச்சூழல் அமைச்சர் பூபேந்தர் யாதவ் விளக்கினார்.

எதிர்ப்பவர்கள் வேறொரு கணக்கை எடுத்துவைத்தார்கள். ராஜஸ்தானின் 15 மாவட்டங்களில் 20 மீட்டருக்கு மேல் உயரமுள்ள குன்றுகள் 12,081. அவற்றில் 100 மீட்டரைத் தாண்டுபவை 1,048 என்று வன அளவைத் துறையின் மதிப்பீட்டை மேற்கோள் காட்டிப் பத்திரிகைகளில் செய்தி வந்தது. பத்தில் ஒன்றுகூட இல்லை. 90 சதவீத ஆரவல்லி பாதுகாப்பை இழக்கும் என்று தாங்கள் சொல்லவில்லை என அந்தத் துறை பின்னர் மறுத்தது. இரண்டு தரப்பும் வெவ்வேறு பொருளை எண்ணிக்கொண்டிருந்தன. அரசு பரப்பளவைப் பேசியது. மக்கள் குன்றுகளை எண்ணினார்கள். ஆனால் மணலைத் தடுப்பது வரிசை. நடுவில் இருக்கும் பத்து சின்னக் குன்றுகள் பட்டியலிலிருந்து விழுந்தால், இருபுறமும் தப்பிய இரண்டு பெரிய மலைகள் தனித்தனித் தூண்களாக நிற்கும். சிறுத்தை ஒரு காட்டிலிருந்து இன்னொரு காட்டுக்குப் போகும் வழியும் அந்தக் குன்றுகளோடு போய்விடும்.

அப்பலாச்சியன் மலைகளில் இந்தப் பாடம் ஏற்கெனவே படிக்கப்பட்டிருக்கிறது. மேற்கு விர்ஜினியாவிலும் கென்டக்கியிலும் நிலக்கரிக்காக மலையுச்சிகளை வெடி வைத்துத் தகர்த்து, இடிபாட்டைப் பக்கத்துப் பள்ளத்தாக்குகளில் கொட்டினார்கள். அப்படி ஏறத்தாழ 3,200 கி.மீ. நீளத்துக்குச் சிற்றோடைகள் புதைந்துவிட்டதாக அந்நாட்டுச் சுற்றுச்சூழல் பாதுகாப்பு முகமையே கணக்கிட்டது. மலையின் தலை மட்டும்தானே போகிறது என்று தொடங்கிய வேலை, ஆறுகளின் தலையையும் எடுத்துக்கொண்டு போனது.

எது மலை? ஊருக்கு ஓர் அளவுகோல்

● பிரிட்டன்: 2000-ஆம் ஆண்டுச் சட்டம் ஒன்று, இங்கிலாந்திலும் வேல்ஸிலும் பொதுமக்கள் உலவும் உரிமைக்காக, கடல் மட்டத்திலிருந்து 600 மீட்டருக்கு மேலுள்ள நிலத்தை மலை என்கிறது. அந்தக் கணக்கில் ஆரவல்லியின் பெரும்பகுதி மலையாகாது.

● அமெரிக்கா: மலைக்கும் குன்றுக்கும் அதிகாரபூர்வமான வித்தியாசம் எதுவும் இல்லை என்று அந்நாட்டுப் புவியியல் அளவைத் துறை கைவிரித்துவிட்டது.

● ஐ.நா. சுற்றுச்சூழல் அமைப்பு: 2,500 மீட்டருக்கு மேலே எல்லாம் மலை. அதற்குக் கீழே உயரம் மட்டும் போதாது. சரிவையும், சுற்றுப்புறத்தோடு உள்ள ஏற்ற இறக்கத்தையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். இப்படி அளந்தால் உலக நிலப்பரப்பில் கிட்டத்தட்ட நான்கில் ஒரு பங்கு மலை.

● கடலுக்கு அடியில்: உலகின் மிக நீளமான மலைத்தொடர் கண்ணுக்கே தெரியாது. பெருங்கடல்களின் நடுவே தொடர்ந்து ஓடும் அதன் நீளம் சுமார் 65,000 கி.மீ. ஐஸ்லாந்து போன்ற ஒருசில இடங்களில் மட்டும் தலை காட்டுகிறது.

கூடலூரில் தொடங்கிய வழக்கு

ஆரவல்லிக்கு விளக்கம் எழுதிய வழக்கின் எண் தமிழ்நாட்டுக்குப் பழக்கமானது. 1995-ஆம் ஆண்டின் 202-ஆம் எண் ரிட் மனு. தாக்கல் செய்தவர் நிலம்பூர் கோவிலகத்தைச் சேர்ந்த டி.என். கோதவர்மன் திருமுல்பாடு. ஒரு காலத்தில் அவரது குடும்பத்துக்குச் சொந்தமாக இருந்த நீலகிரி மாவட்டக் கூடலூர்க் காடுகளில் மரங்கள் கண்மூடித்தனமாக வெட்டப்படுவதைப் பொறுக்காமல் அவர் நீதிமன்றம் போனார்.

1996 டிசம்பர் 12 அன்று, நீதிபதிகள் ஜே.எஸ். வர்மாவும் பி.என். கிர்பாலும் அந்த மனுவை ஒரு மாவட்டத்தோடு நிறுத்தாமல் இந்தியா முழுமைக்கும் விரித்தார்கள். காடு என்றால் என்ன? அரசுப் பதிவேட்டில் காடு என்று எழுதியிருந்தால் அது காடு; எழுதாவிட்டாலும், அகராதியில் காடு என்ற சொல்லுக்கு உள்ள பொருளுக்குப் பொருந்தினால் அதுவும் காடுதான், நிலம் யாருக்குச் சொந்தமாக இருந்தாலும் சரி. சாதாரண மனிதன் காடு என்று எதைச் சொல்கிறானோ, அதைச் சட்டமும் சொல்லத் தொடங்கியது. வழக்கு முடித்துவைக்கப்படாமல் தொடர்ந்து உயிரோடிருந்தது. திருமுல்பாடு 2016-ல் காலமானார். அவர் பெயரில் வழக்கு நடந்துகொண்டே இருந்தது.

அதே வழக்கில்தான் 29 ஆண்டுகள் கழித்து மலை என்றால் என்ன என்ற கேள்வி வந்தது. இம்முறை அகராதிக்குப் பதில் அளவுகோல் எடுக்கப்பட்டது. காட்டுக்கு விரிந்த வாசல் மலைக்குக் குறுகியது. நவம்பர் உத்தரவை நிறுத்திவைத்தபோது டிசம்பர் அமர்வுக்கு எழுந்த சந்தேகங்களும் இதையொட்டியவைதான். விளக்கம் பாதுகாப்பின் எல்லையைச் சுருக்கிவிடுமா? இரண்டு மலைகளுக்கு நடுவே 500 மீட்டருக்கு மேல் இடைவெளி விழுந்தால் அந்த இடம் என்ன ஆகும்?

திரும்பி வந்த ஆறு

காயம்பட்ட ஆரவல்லி தேறாது என்று யாரும் நினைக்க வேண்டியதில்லை. அல்வர் மாவட்டத்தில் ராஜேந்திர சிங்கின் தருண் பாரத் சங்கம் 1985-ல் வேலை தொடங்கியபோது, குன்றுகள் மொட்டையாகி, கிணறுகள் வற்றி, ஆண்கள் பிழைப்பு தேடி நகரங்களுக்குப் போயிருந்தார்கள். ஊர்ப் பெரியவர்கள் சொன்ன யோசனை பழையது: 'ஜோகட்' கட்டுங்கள். குன்றின் அடிவாரத்தில் பிறை வடிவில் மண் கரை போட்டு மழைநீரைத் தேக்கும் குளம் அது. தமிழ்நாட்டின் ஊருணிக்கு ஒன்றுவிட்ட சகோதரன் எனலாம். ஊருக்கு ஊர் இப்படிக் கரைகள் எழுந்தன. தேங்கிய நீர் பாறை விரிசல்களில் இறங்கியது. கிணறுகள் ஊறின. பல்லாண்டுகளாக மழைக்காலத்தில் மட்டும் தலைகாட்டிய ஆர்வாரி ஆறு 1990-களின் நடுவில் ஆண்டு முழுவதும் ஓடத் தொடங்கியது. அதன் தண்ணீரை எப்படிப் பங்கிடுவது என்று முடிவு செய்ய எழுபதுக்கும் மேற்பட்ட கிராமங்கள் கூடித் தங்களுக்கென்று ஒரு 'நாடாளுமன்றம்' அமைத்துக்கொண்டன. ராஜேந்திர சிங்குக்கு 2001-ல் மகசேசே விருதும் 2015-ல் ஸ்டாக்ஹோம் தண்ணீர்ப் பரிசும் கிடைத்தன.

அங்கே தண்ணீரைப் பிடித்துக் கொடுத்தவை பெரும்பாலும் பெயரில்லாத சின்னக் குன்றுகள். ஜோகட் கட்ட இடம் பார்த்தவர்கள் மழைநீர் எந்தப் பக்கம் ஓடுகிறது என்று பார்த்தார்கள். மலை எத்தனை மீட்டர் என்று யாரும் அளக்கவில்லை.

அதே சங்கம் சரிஸ்கா புலிகள் காப்பகத்துக்குள் நடந்த சுரங்கங்களை எதிர்த்து உச்ச நீதிமன்றம் போனதும், 1990-களின் தொடக்கத்தில் அவை மூடப்பட்டதும் இன்னொரு வெற்றி. ஆனால் வேட்டைக்காரர்கள் 2005-க்குள் சரிஸ்காவின் கடைசிப் புலி வரை முடித்துவிட்டார்கள். 2008-ல் ரண்தம்போரிலிருந்து ஹெலிகாப்டரில் கொண்டுவரப்பட்ட புலிகளை வைத்துத்தான் அங்கே மறுபடி வம்சம் தழைக்கத் தொடங்கியது.

நகரத்தின் நடுவிலும் ஒரு சான்று இருக்கிறது. குருகிராமில், கல் வெட்டிக் கைவிடப்பட்ட சுமார் 380 ஏக்கர் நிலத்தில், உள்ளூர் மக்களும் நகராட்சியும் சேர்ந்து 2010 முதல் ஆரவல்லியின் பூர்வீக மரங்களை நட்டு வளர்த்தார்கள். தமிழ்நாட்டைப் போலவே அங்கும் ஊடுருவிக் கிடந்தது சீமைக் கருவேலம். அதை ஒதுக்கிவிட்டு, மங்கர் பனி போன்ற கோயில் காடுகளில் விதை பொறுக்கி, 'தவ்' உள்ளிட்ட சொந்த மண்ணின் மரங்களை மீட்டார்கள். 2022-ல் அந்த ஆரவல்லி பல்லுயிர்ப் பூங்கா, காப்பகம் என்ற பெயரில்லாமலேயே இயற்கையைக் காக்கும் இடம் என்ற சர்வதேச வகையில் இந்தியாவின் முதல் தலமாகச் சேர்க்கப்பட்டது. 2023 மார்ச்சில் மத்திய அரசு நான்கு மாநிலங்களின் 29 மாவட்டங்களில் தொடரைச் சுற்றி 5 கி.மீ. அகலத்துக்குப் பசுமை அரண் எழுப்பும் திட்டத்தையும் தொடங்கிவைத்தது.

அங்கேதான் முரண்பாடு உறுத்துகிறது. ஒரு கை மலையைச் சுற்றி மரம் நடுகிறது. மறு கை எது மலை என்று அளந்துகொண்டிருக்கிறது. நட்ட மரம் முப்பது ஆண்டுகளில் காடாகலாம். வெட்டிய குன்று திரும்ப முளைப்பதில்லை. அதைச் செய்ய இயற்கைக்கு 150 கோடி ஆண்டுகள் ஆயின.

டில்லியில் அதிகாரம் குடியிருக்கும் ரைசினா மலையை யாரும் வெட்டப் போவதில்லை. ஆனால் அந்த 18 மீட்டர் மேட்டை 100 மீட்டர் கோலால் அளந்தால், இந்தியக் குடியரசின் தலைவர் வசிப்பது மலை மீது என்று சொல்ல முடியாது.